அமைச்சர் தாமதமாக வந்ததால் காலமானவர்

எங்கள் நாட்டில் எழுத்தாளர்களுக்கு மரியாதை இல்லை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். மரியாதை கொட்டிக் கிடக்கிறது. அதை வாங்கிக்கொள்ள எழுத்தாளர் செத்திருக்க வேண்டும், அவ்வளவுதான். அதற்கென்றே எங்கள் கடற்கரை ஊரான கேப் கோஸ்ட்டில் மூன்று மாடிக் கட்டடத்தில் ஓர் அலுவலகம் இயங்குகிறது. தேசிய எழுத்தாளர் மரபுப் பணியகம் என்று பெயர். கடலைப் பார்த்த பக்கம் இயக்குநரின் அறை. சாக்கடையைப் பார்த்த பக்கம் எழுத்தாளர்கள் காத்திருக்கும் அறை.

நான் ஜோஜோ என்ட்சி. கொட்டோகுராபா சந்தைக்குப் பின்னால் அச்சகம் வைத்திருக்கிறேன். மரண அறிவிப்புச் சுவரொட்டிகளில்தான் என் பிழைப்பு ஓடுகிறது. எழுபதைத் தாண்டிப் போனவருக்கு 'மகிமைக்கு அழைக்கப்பட்டார்' என்று தலைப்புப் போடுவேன். அதற்கு முன்பே போனால் 'என்ன கொடுமை!' என்று போடுவேன். நடுநடுவே கொழுப்பெடுத்துப்போய்க் கவிதைப் புத்தகமும் அடிப்பதுண்டு. ஆன்ட்டி அராபா எசில்பியின் முதல் கவிதைத் தொகுப்பு என்னிடம் அடித்ததுதான். அதில் பாதி, மீன் வறுக்கும் பெண்களிடம் பொட்டலம் கட்டப் போய்ச் சேர்ந்தது.

"விடுடா ஜோஜோ. வறுத்த மீன் வாங்குறவனாவது கடைசி வரி வரைக்கும் நக்குவான்," என்றார் ஆன்ட்டி.

ஆன்ட்டி பள்ளிக்கூடத்தில் பூகோளம் சொல்லிக்கொடுத்து ஓய்வுபெற்றவர். கவிதையும் நாவலுமாக ஏழெட்டுப் புத்தகங்கள் எழுதியிருக்கிறார். எங்கெங்கோ தூர தேசத்துப் பல்கலைக்கழகங்களில் அவற்றைப் படிக்கிறார்களாம். உள்ளூரிலோ, "இன்னும் எழுதுறீங்களா ஆன்ட்டி?" என்று கேட்பார்கள். இன்னும் அந்த இருமல் விடவில்லையா என்று விசாரிக்கிற குரல் அது.

அவருடைய புது நாவலின் பெயர் 'கடலுக்கு அனுமதி'. ஒன்பது வருட உழைப்பு. மீன்பிடித் துறைமுகத்து அதிகாரி ஒருவர், தன் கையெழுத்து இல்லாமல் அலை கரைக்கு வரக்கூடாது என்று உத்தரவு போடுகிறார். அதிலிருந்து கதை கிளம்புகிறது. ஆனால் பணியகத்தின் முத்திரை இல்லாமல் வாழும் எழுத்தாளர் யாரும் புத்தகம் போடக்கூடாது என்பது சட்டம். மீறி அடித்தால் அச்சகத்துக்குப் பூட்டு. ஆன்ட்டியின் கைப்பிரதி இரண்டு வருடமாகப் பணியகத்தில் கிடந்தது. ஒருமுறை மட்டும் பதில் வந்தது: ஐந்தாம் அத்தியாயத்தில் அதிகாரி கொட்டாவி விடுகிறார், அரசு அதிகாரிகள் கொட்டாவி விடுவதில்லை, நீக்கவும். ஆன்ட்டி நீக்க மறுத்துவிட்டார். ஒரு கொட்டாவியைக்கூட விட்டுக்கொடுக்கமாட்டேன் என்றார்.

கடைசியில் இயக்குநரே ஆள் அனுப்பினார். எழுத்தாளர் தினத்தன்று அமைச்சர் வருகிறார், மேடையில் அவர் கையாலேயே முத்திரை குத்துவார், கைப்பிரதியோடு வந்துவிடுங்கள் என்று. ஆன்ட்டி கறுப்பு வெள்ளைத் துணி உடுத்தி, கைப்பிரதியைப் பையில் வைத்துக்கொண்டு, என்னையும் துணைக்கு இழுத்துக்கொண்டு போனார். முன்வரிசையில் இடம் கிடைத்தது. அங்கேதான் செத்தார்.

நடந்தது இதுதான். இயக்குநரின் முழுப்பெயர் ரெவரண்ட் இன்ஜினியர் டாக்டர் எபனேசர் பெயின்சில். வாழ்நாளில் ஒரு புத்தகம் எழுதியதில்லை. நாற்பது புத்தகங்களுக்கு முன்னுரை எழுதியிருக்கிறார். அமைச்சரின் கார் முக்குத் திரும்பிவிட்டது என்று யாரோ சொன்னதும், மூதாதையருக்குப் பானம் ஊற்றும் சடங்கைத் தொடங்கச் சொன்னார். கார் முக்குத் திரும்பியது உண்மைதான். ஆனால் அது சாப்பாட்டுக் கடைப் பக்கம் திரும்பியிருந்தது.

பணியகத்துக்கென்று ஒரு கோல்காரர் இருக்கிறார், பா குவான்சா. தங்க முலாம் பூசிய கோலைப் பிடித்து, தலைவர்களுக்காகப் பேசுகிற பரம்பரை. அவர் செருப்பைக் கழற்றி, தோளிலிருந்து துணியை இறக்கி, ஷ்னாப்ஸ் சாராயப் புட்டியைச் சாய்த்து, செத்துப்போன கவிஞர்களை ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். வந்து இந்தப் பானத்தை வாங்கிக்கொள் என்று சொல்லி ஒரு சொட்டு மண்ணில் விட, கூட்டம் "வியே!" என்று ஆமோதிக்க வேண்டும். கவிஞர்கள் தீர்ந்தார்கள். நாவலாசிரியர்கள் தீர்ந்தார்கள். அமைச்சரைக் காணோம்.

"நிறுத்தாதீங்க! இன்னும் வரலை!" என்று இயக்குநர் பின்னாலிருந்து பல்லைக் கடித்தார்.

குவான்சா தேவாலயப் பாட்டு எழுதியவர்களைக் கூப்பிட்டார். பேருந்து நிலையத்துச் சுவரில் கால அட்டவணை எழுதியவரைக் கூப்பிட்டார். மருந்துக்கடை விளம்பரம் எழுதியவரையும் விடவில்லை. செத்தவர்கள் அத்தனை பேரும் தீர்ந்துபோனார்கள்; புட்டியில் பானம் மிச்சம் இருந்தது. வெயில் மண்டையைப் பிளந்தது. குவான்சா தவித்துப்போய்ச் சுற்றிலும் பார்த்தார். முன்வரிசையில் கண்ணை மூடி, வாயைத் திறந்து உட்கார்ந்திருந்த ஆன்ட்டி கண்ணில் பட்டார்.

"அராபா எசில்பி! வந்து இந்தப் பானத்தை வாங்கிக்கொள்!"

"வியே!" என்றது கூட்டம். தூக்கக் கலக்கத்தில், பழக்கதோஷத்தில், ஆன்ட்டியும் "வியே!" என்றார்.

அப்புறம்தான் எல்லோருக்கும் உறைத்தது. உயிரோடு இருக்கிறவர் பெயரை அந்தச் சடங்கில் எங்கள் ஊரில் பரம எதிரிகூடச் சொல்லமாட்டான். அங்கே பெயர் சொன்னால் அந்த ஆள் அந்தப் பக்கம். குவான்சாவின் கையிலிருந்து கோல் விழுந்தது. சரியாக அந்த நேரம் பார்த்துச் சைரன் ஊதிக்கொண்டு அமைச்சர் வந்து சேர்ந்தார். அவர் காதில் விழுந்தது கூட்டம் முணுமுணுத்த அந்தக் கடைசிப் பெயர் மட்டும்தான்.

"நம்மை விட்டுச் சமீபத்தில் பிரிந்த மாபெரும் எழுத்தாளர் அராபா எசில்பி அவர்களின் நூல்களைப் படித்துத்தான் நான் வளர்ந்தேன். அன்னாருக்கு முழு அரசு மரியாதையுடன் இறுதிச் சடங்கு நடைபெறும் என்பதைக் கண்ணீருடன் அறிவிக்கிறேன்," என்றார் அமைச்சர். ஆன்ட்டியை விட அவருக்கு ஆறு வயது அதிகம். கூட்டம் கைதட்டியது. ஆன்ட்டி எழுந்து கையை உயர்த்தினார். உட்காரம்மா, மறைக்குது என்று பின்னாலிருந்து ஒருவர் துணியைப் பிடித்து இழுத்தார்.

மறுநாள் ஆன்ட்டியும் நானும் பணியகத்துக்குப் போனோம். அதிசயமாக எங்களைக் கடலைப் பார்த்த அறையிலேயே உட்கார வைத்தார்கள். இயக்குநர் எழுந்து நின்று தலை வணங்கினார்.

"வாங்க மூதாயே, வாங்க."

"என்ன மூதாய்? ஒரு தப்பு நடந்துபோச்சு, திருத்துங்க. ஒரு ஆட்டை வெட்டி, இன்னொரு புட்டி ஊத்தி, இவ இன்னும் இந்தப் பக்கம்தான் இருக்கான்னு சொன்னா முடிஞ்சுது. குவான்சாவே சொல்றார்."

"தப்பா? அரசாங்கச் சடங்குல தப்பே நடக்காது. நடந்தா அது சடங்கு இல்ல. அதுவும் இல்லாம நீங்களே வியே சொன்னீங்க. பதிவாகியிருக்கு."

"தூங்கிட்டிருந்தேன்யா!"

"நீங்க தூங்கினதா நாங்களும் சொல்லலை. நிரந்தரமா ஓய்வெடுத்தீங்கன்னு அறிக்கை குடுத்திருக்கோம்." இயக்குநர் நாற்காலியில் சாய்ந்துகொண்டார். "நான் ஒண்ணு மனசு விட்டுச் சொல்றேன் மூதாயே. உயிரோட இருக்கிற எழுத்தாளரால எங்களுக்கு என்ன உபயோகம்? இன்னைக்கு மாலை போட்டா, நாளைக்கு எங்களையே திட்டி எழுதுவார். ஒரு தெருவுக்குப் பேர் வெச்சா, அந்தத் தெருவுல ரோடு சரியில்லன்னு பத்திரிகையில எழுதுவார். செத்தவர் தங்கம். சொன்ன இடத்துல சொன்ன நேரம் வரைக்கும் இருப்பார். பேச்சு மாறமாட்டார். இருபத்தேழு வருஷ சேவையில என்னைக் கேள்வி கேட்ட ஒரு செத்த எழுத்தாளரை நான் பார்த்ததில்ல."

"சரி, நான் செத்தே போறேன். என் நாவலுக்கு முத்திரை?"

"எந்த நாவல்? உங்க எழுத்துப் பணி நிறைவடைஞ்சுபோச்சே. ஒரு மூதாய் புதுசா நாவல் எழுதினா படிக்கிற பிள்ளைங்க என்ன நினைக்கும்?"

கைப்பிரதியைப் பையிலிருந்து எடுத்து மேசை மேல் வைத்தார் ஆன்ட்டி. இயக்குநர் அதை ஒரு விரலால் பையை நோக்கியே தள்ளினார். ஆன்ட்டி அதைப் பையில் போட்டுக்கொண்டு எழுந்தார்.

சொந்தக் குடும்பமாவது கை கொடுக்கும் என்று பார்த்தால், அங்கே ஏற்கெனவே துக்கத்துக்குத் துணி எடுத்து முடித்திருந்தார்கள். குடும்பத்துக்குப் பிணத்தின் மேல்தான் பிரியம் என்று எங்களில் ஒரு பழமொழி உண்டு. தாய்வழிக் குடும்பத்துக்குத் தலைவர் ஆன்ட்டியின் வோஃபா, அதாவது தாய்மாமா, எபோ. எண்பது வயதிலும் சாவு வீடென்றால் ஓடி ஓடி வேலை செய்வார்.

"வோஃபா, நான் உயிரோட இருக்கேன்."

"தெரியும்டி, கண்ணு தெரியுது எனக்கு. ஆனா அமைச்சரே சொல்லிட்டாரே! நம்ம குடும்பத்துல எவனுக்காவது அரசு மரியாதை கிடைச்சிருக்கா? உன் பெரிய மாமன் போனப்ப நகராட்சிக் குப்பை வண்டிகூட நிக்கலை. நீ எப்பவும் இப்படித்தான், குடும்பத்துக்கு ஒரு நல்லது நடந்தா பொறுக்காது."

"நாவல் வெளிய வரணும் வோஃபா. ஒன்பது வருஷம்."

"செத்த பிறகு என்னடி அவசரம்?"

சுவரொட்டி அடிக்கும் வேலை எனக்கே வந்தது. வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம்தான். எனக்கும் பிள்ளைகுட்டிகள் இருக்கின்றன. ஆன்ட்டிக்கு வயது அறுபத்தொன்று, எனவே 'என்ன கொடுமை!' என்று கொட்டை எழுத்தில் தலைப்புப் போட்டேன். அவரே அச்சகத்துக்கு வந்து மெய்ப்புப் பார்த்தார்.

"இந்தப் படத்தைப் போடாதே, பல்வலியில எடுத்தது. அப்புறம், 'அன்பும் அடக்கமும் நிறைந்தவர்'னு யாருடா எழுதினது?"

"குடும்பம், ஆன்ட்டி."

"அடக்கத்தை எடு. பொய் சொல்லிப் புதைக்காதீங்க."

ஏழாம் நாள் கூட்டத்துக்குத் தெருவை அடைத்துப் பந்தல் போட்டார்கள். ஆன்ட்டியின் முகம் அச்சடித்த துணியைச் சுற்றிக்கொண்டு நூறு பேர் ஆன்ட்டியையே இடித்துக்கொண்டு போனார்கள். தேவாலயத்துப் பெண்கள் அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ இல்லாம எப்படி அராபா இருக்கப்போறோம்?" என்று அழுதார்கள். முப்பது வருடமாக அவர் கவிதையைக் கரித்துக்கொட்டிய ஒரு பேராசிரியர் மேடையேறி, இனி அப்படி ஒரு கவிஞர் பிறக்கப்போவதில்லை என்று தழுதழுத்தார். ஜொலோஃப் சோற்றுப் பொட்டலம் கொடுத்துக்கொண்டு வந்தவள் ஆன்ட்டியைத் தாண்டிப் போய்விட்டாள். ஆன்ட்டி கூப்பிட்டதற்கு, "துக்கத்துக்கு வந்தவங்களுக்கு மட்டும்தான் ஆன்ட்டி," என்றாள். என் பொட்டலத்தில் பாதியைக் கொடுத்தேன்.

அடுத்து சவப்பெட்டிக்குக் குழு அமைத்தார்கள். டெஷியில் இருக்கிற தச்சர்கள் மீனவனுக்கு மீன் வடிவத்தில் பெட்டி செய்வார்கள், விவசாயிக்குக் கொக்கோக் காய் வடிவத்தில் செய்வார்கள். நாவலாசிரியர் என்றால் புத்தகம், கவிஞர் என்றால் பேனா. ஆன்ட்டி இரண்டும் எழுதித் தொலைத்திருந்ததால் குழு இரண்டாக உடைந்தது. அவர் உள்ளூர நாவலாசிரியர்தான் என்று பதினோரு பேரில் ஐந்து பேர் சத்தியம் செய்தார்கள். ஐந்து பேர் கவிஞர்தான் என்று கொடி பிடித்தார்கள். ஒருவர், அவர் பூகோள ஆசிரியர் என்பதால் உலக உருண்டை செய்யலாம் என்றார். அவர் எழுதிய ஒரு வரியையாவது படித்துப் பார்க்கலாமே என்று யாருக்கும் தோன்றவில்லை. அது குழுவின் வரம்பில் இல்லை. கடைசியில் நடுவில் பேனா சொருகிய புத்தகம் என்று முடிவாயிற்று. தச்சர் அளவெடுக்க வீட்டுக்கே வந்துவிட்டார்.

"கொஞ்சம் படுங்க ஆன்ட்டி."

"முதுகுவலி. உட்கார்ந்தபடியே அளந்துக்கோ."

பெட்டி வந்தது, ஆனால் உள்ளே வைக்க ஆள் இல்லை. இயக்குநர் பழக்கூடையோடு நேரில் வந்தார். "ஒரு சின்ன ஒத்துழைப்பு வேணும், மூதாயே. ரெண்டு மணி நேரம் படுத்திருந்தா போதும். அமைச்சர் வந்து போனதும் எழுந்துக்கலாம். குளிர்சாதன வசதி பண்ணியிருக்கோம்."

"நாவலுக்கு முத்திரை குத்துங்க, படுக்கிறேன்."

"அது விதியில இல்லையே."

"அப்பப் பெட்டியில படுக்கறதும் என் விதியில இல்ல," என்று சொல்லிப் பழக்கூடையை மட்டும் வாங்கிக்கொண்டு கதவைச் சாத்தினார்.

ஆனால் அந்த மனுஷரிடமா தோற்றுப்போகிற புத்தி இருக்கிறது? மறுநாளே அறிக்கை விட்டார். எழுத்தாளருக்கு எழுத்தே உடல். ஆகவே அன்னாரின் புத்தகங்களையே பெட்டியில் வைத்து அடக்கம் செய்வோம். நூலகங்களுக்கென்று வாங்கிப் பணியகம் கிடங்கில் பூட்டி வைத்திருந்த பிரதிகள் எல்லாம் வந்தன. பொதுமக்களும் வீட்டில் இருப்பதைக் கொண்டுவந்து அஞ்சலி செலுத்தலாம் என்றதும், ஜனங்கள் அலமாரியைக் காலி செய்துகொண்டு ஓடி வந்தார்கள். ஆன்ட்டி தம் கையால் பெயரெழுதிப் பரிசாகக் கொடுத்த பிரதிகள்கூட வந்தன.

சனிக்கிழமை அடக்கம். சிவப்புக் கறுப்புத் துணி உடுத்தாதவர்களை உள்ளே விடவில்லை என்பதால் ஆன்ட்டியும் அதையே உடுத்திக்கொண்டு என்னோடு கூட்டத்தில் நின்றார். ராணுவ வாத்தியம் முழங்கியது. புத்தகங்களைக் கூடை கூடையாகப் பெட்டிக்குள் கொட்டினார்கள். என் அச்சகத்தில் அடித்த அந்த முதல் தொகுப்பும் விழுந்தது. மை சரியாகக் காயாமல் அட்டையில் என் கட்டைவிரல் ரேகை பதிந்த பிரதி அது. அதைப் பார்த்ததும் ஆன்ட்டி அழுதுவிட்டார். சத்தமில்லாமல், தோள் குலுங்க, எனக்குத் தெரியக்கூடாது என்று முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுதார். அதுவரை இதையெல்லாம் வேடிக்கையாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். இப்போதோ சுவரொட்டி அடித்துக் கொடுத்த கையை வெட்டிப்போடலாம் என்று இருந்தது.

இயக்குநர் பேச எழுந்தார். அமைச்சர் இந்தமுறை சரியான நேரத்துக்கு வந்து முன்வரிசையில் இருந்ததால் இயக்குநருக்கு உற்சாகம் பீறிட்டது. "இந்த மூதாயின் எழுத்து இனி நம் தெய்வச் சொத்து! இன்று முதல் இவர் எழுதிய ஒரு வரியை, ஒரு எழுத்தை, ஒரு கொட்டாவியைக்கூட உயிருள்ள கை எதுவும் வெட்டவோ தடுக்கவோ கூடாது! மீறுகிறவன் எவனாக இருந்தாலும் அவன் நாக்கு மூதாதையரால் முறுக்கப்படட்டும்!" என்று முழங்கிவிட்டு, குவான்சாவிடமிருந்து புட்டியை வாங்கித் தம் கையாலேயே ஊற்றினார்.

"வியே!" என்றது கூட்டம். இந்தமுறை ஆன்ட்டி நன்றாக விழித்துக்கொண்டுதான் "வியே!" என்றார்.

திங்கட்கிழமை நான் கதவைத் திறக்கும்போதே கைப்பிரதியோடு நின்றிருந்தார்.

"அடி."

"ஆன்ட்டி, முத்திரை?"

"சட்டத்தை எடுத்துப் பாரு. வாழும் எழுத்தாளருக்குத்தான் முத்திரை. நான் சனிக்கிழமை அடக்கமாயிட்டேன். ராணுவமே வந்துது. அப்புறம், அந்த ஆள் என்ன சொல்லி ஊத்தினான்னு கேட்டேல்ல? தடுக்கவோன்னு சொன்னான். அவன் நாக்கு, அவன் பாடு."

"என் அச்சகத்தைப் பூட்டினா?"

"பூட்டறவன் வந்து மூதாதையரைத் தாண்டிப் பூட்டட்டும். ஏன்டா நடுங்குற? செத்தவ நானே பயப்படலை."

அடித்தேன். ஒரு கொட்டாவியைக்கூடக் குறைக்காமல் அடித்தேன். ஊரில் இருந்த அவர் புத்தகம் அத்தனையும் மண்ணுக்குள் போயிருந்ததால், துக்கத்துக்கு வந்தவர்கள் எல்லாம், செத்துப்போனவங்க எழுதினதாமே, ஒன்று கிடைக்குமா என்று அலைந்துகொண்டிருந்தார்கள். செத்தவர் புத்தகத்துக்கு எங்கள் ஜனங்கள் வரிசையில் நிற்பார்கள். 'கடலுக்கு அனுமதி' ரொட்டிக்கடைக்குப் போனது, முடிதிருத்தும் கடைக்குப் போனது, படகுக்குள் போனது. மீன் வறுக்கும் பெண்கள் பொட்டலம் கட்டாமல் சத்தம் போட்டுப் படித்தார்கள், மீன் கருகியது. துறைமுகத்து அதிகாரி பெயருக்கு முன்னால் மூன்று பட்டம் வைத்துக்கொண்டு, யாராவது கேள்வி கேட்டால் கொட்டாவி விடுகிற ஆள் என்பதால், அவர் யார் என்று யாருக்கும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

ஒரு மாதம் போயிருக்கும். அதற்குள் ஒரு தெருவுக்கு ஆன்ட்டியின் பெயரை வைத்திருந்தார்கள். நான் கணக்கு வழக்கு பேச ஆன்ட்டி வீட்டுக்குப் போயிருந்தேன். வாசலில் பணியகத்தின் கார் வந்து நின்றது. முதலில் ஓர் ஆடு இறங்கியது. பிறகு ஷ்னாப்ஸ் புட்டியோடு குவான்சா இறங்கினார். அதற்குப் பிறகு இயக்குநர். ஆன்ட்டி சோளமாவுக் கெங்கேயும் வறுத்த மீனும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார், எழுந்திருக்கவில்லை.

"மேடம், உங்களைத் திரும்ப உயிரோட ஆக்கிடலாம்னு பணியகம் அவசரமா முடிவு பண்ணியிருக்கு," என்றார் இயக்குநர். மூதாய் மேடமாகிவிட்டார்.

"ஏன், தெருவுக்குப் பேர் வெச்சது அதுக்குள்ள சலிச்சுப்போச்சா?"

"சந்தையில ஒரு மீன்காரி என்னைப் பார்த்துக் கொட்டாவி விடறா மேடம். காவல்காரன் விடறான். நேத்து கூட்டத்துல அமைச்சரே விட்டார், ஆனா அது இயல்பா வந்ததான்னு தெரியலை. அவதூறு வழக்குப் போடலாம்னு வக்கீலைக் கேட்டா, செத்தவங்க மேல போட முடியாதுங்கறார். அதனால தயவுபண்ணி..."

"வழக்குப் போடறதுக்காக உயிர் வரணும். அப்படித்தானே?"

"சட்டப்படி, ஆமா."

குவான்சா தொண்டையைக் கனைத்தார். "அவங்க சம்மதிச்சாத்தான் ஆட்டை வெட்ட முடியும். இந்தமுறை தூங்கும்போது கேக்கமாட்டேன்."

ஆன்ட்டி கையைக் கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தார். "செத்தவங்ககிட்ட எப்படிப் பேசணும்னு இவருக்குச் சொல்லிக்குடுக்கலையா குவான்சா?"

இயக்குநர் சுற்றுமுற்றும் பார்த்தார். அண்டை வீட்டார் ஜன்னலைத் திறந்துவிட்டிருந்தார்கள். அவர் ஷூவைக் கழற்றினார். காலுறையில் ஒரு விரல் வெளியே எட்டிப் பார்த்தது. கோட்டைத் தோளிலிருந்து இறக்கினார்.

"இப்ப சொல்லுங்க. என் நாவல்ல எந்த இடம் உங்களை அவமானப்படுத்துது?"

"எல்லா இடமும்தான்."

"எந்தப் பக்கம்?"

இயக்குநர் காலுறைக் காலை மாற்றி மாற்றி வைத்தார். "நான் இன்னும் படிக்கலை. சொன்னாங்க."

நான் கையில் வைத்திருந்த பிரதியை ஆன்ட்டி வாங்கி அவரிடம் நீட்டினார். "படிங்க. சத்தமா. எல்லாருக்கும் கேக்கணும்."

முன்னுரைகளில் பழகிய குரலில் அவர் தொடங்கினார். முதல் பக்கத்தில் நாலு இடத்தில் தடுக்கி விழுந்தார். இரண்டாம் பக்கத்தில் குரல் இறங்கி, சாதாரண மனுஷக் குரலாயிற்று. மூன்றாம் பக்கத்தில் அதிகாரி அலைக்கு எச்சரிக்கைக் கடிதம் அனுப்புகிற இடம். இயக்குநர் களுக்கென்று சிரித்தார். படிக்கட்டில் உட்கார்ந்துகொண்டார். ஆடு அவர் கோட்டை மென்றது, அவர் கவனிக்கவில்லை.

"இப்படியும் ஒரு மடையன் இருப்பானா!" என்று நிமிர்ந்து எங்களைப் பார்த்துக் கேட்டார். அண்டை வீட்டில் யாரோ சிரிப்பை அடக்க முடியாமல் உள்ளே ஓடினார்கள். நான் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

கடல் தண்ணீர் அலுவலகத்தின் முதல் படியில் ஏறுகிற இடத்தில் அத்தியாயம் முடிந்தது. ஆன்ட்டி கையை நீட்டிப் புத்தகத்தை வாங்கி மூடினார்.

"அப்புறம்? தண்ணி மாடிக்கு வந்துச்சா?"

"வாங்கிப் படிங்க."

"இயக்குநருக்கு இலவசப் பிரதி குடுக்கறது வழக்கமாச்சே மேடம்."

"உயிரோட இருக்கிற எழுத்தாளருங்க குடுப்பாங்க. அவங்ககிட்டப் போய்க் கேளுங்க," என்று சொல்லிவிட்டு ஆன்ட்டி உள்ளே போனார். குவான்சா ஆட்டையும் புட்டியையும் ஏற்றிக்கொண்டு காரில் உட்கார்ந்தார்.

மறுநாள் காலை அச்சகத்தைத் திறக்கும்போது ரெவரண்ட் இன்ஜினியர் டாக்டர் எபனேசர் பெயின்சில் தொப்பியை முகத்துக்கு இறக்கிவிட்டுக்கொண்டு நின்றிருந்தார். நண்பர் ஒருவருக்காக என்று சொல்லிக் காசு கொடுத்து ஒரு பிரதி வாங்கினார். வாங்கியவர் போகவில்லை. அங்கேயே என் மை டப்பாமேல் உட்கார்ந்து விட்ட இடத்தைத் தேடிப் பிடித்துப் படிக்க ஆரம்பித்தார். மத்தியானம் முடித்தார். கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார், சிரித்ததாலா வேறு எதனாலா தெரியவில்லை. வாசல்வரை போனவர் திரும்பி வந்தார்.

"ஜோஜோ, அந்தம்மா அடுத்து என்ன எழுதறாங்க?"

"அவங்கதான் செத்துட்டாங்களே சார்," என்றேன்.